நடுங்கும் கையும் நடுங்காத படமும்

"தம்பி, நீ அனுப்பின வீடியோவ ரெண்டு நிமிஷத்துக்கு மேல பாக்க முடியலடா. தலை சுத்துது. மலைக்கோட்டையக் காட்டுன்னு கேட்டா, ஊஞ்சல்ல உக்காந்து எடுத்த மாதிரி அனுப்பியிருக்க."

இப்படிச் சொன்னது என் அக்கா. வயது 82. பாரிஸ் நகரத்துக்கு வெளியே ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பில் நான்காவது மாடியில் இருக்கிறாள். அத்தான் பிரெஞ்சு ராணுவத்தில் இருந்தவர். புதுச்சேரிப் பக்கம் இப்படிப்பட்டவர்களைச் 'சொல்தா' என்போம். அவர் காலமாகிப் பல வருஷம் ஆகிறது. முழங்கால் இரண்டும் அறுவை செய்தாயிற்று, இனி விமானம் ஏறுவதில்லை என்று அக்கா முடிவு செய்துவிட்டாள். திண்டுக்கல்லை அவள் பார்க்க வேண்டுமானால் என் போன் வழியாகத்தான்.

வழக்கமாகப் படிப்பவர்களுக்கு எங்கள் கதை தெரியும். அப்பாவுக்குப் புதுச்சேரியில் வேலை. நான் படித்ததெல்லாம் பிரெஞ்சில். 1966இல் அப்பா போன பிறகு அம்மா எங்களை அழைத்துக்கொண்டு தன் பிறந்த ஊரான திண்டுக்கல்லுக்கு வந்துவிட்டாள். கல்யாணமாகிக் கப்பலேறும்வரை அக்கா இங்கே இரண்டு வருஷம் இருந்தாள். அந்த இரண்டு வருஷத்தில் அவளுக்கு இருந்த ஒரே பொழுதுபோக்கு, அம்மாவோடு சாயங்காலம் மலைக்கோட்டை ஏறுவது. மேலே காற்று வாங்கிக்கொண்டு சிறுமலையைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பார்களாம். அந்த இடத்தைத்தான் அவள் மறுபடி பார்க்கக் கேட்டாள்.

நான் எடுத்த படம் ஆடியதற்குக் காரணம் என் கை. இரண்டு வருஷமாக வலது கையில் ஒரு நடுக்கம். பார்கின்சன் இல்லை, வயதாவதால் சிலருக்கு வரும் சாதாரண நடுக்கம்தான் என்று டாக்டர் சொன்னார். முப்பத்தைந்து வருஷம் குறிப்பாணையும் கோப்பும் எழுதிய கை இது. என் கையெழுத்தைப் பார்த்துத் தாசில்தார் ஒருவர் "அச்சடிச்ச மாதிரி இருக்கே" என்றது உண்டு. இப்போது காபி டம்ளரைப் பாதிக்கு மேல் நிரப்பினால் சட்டையில் தெறிக்கிறது. இதை அக்காவிடம் நான் சொல்லவில்லை.

பேரன்தான் வழி சொன்னான். "தாத்தா, ஒரு கிம்பல் வாங்கிக்கோங்க. நீங்க எவ்வளவு ஆட்டினாலும் போன் ஆடாது."

கிம்பல் என்றால் என்ன என்று கேட்டேன். யூடியூபில் ஒரு படம் காட்டினான். ஒரு கைப்பிடி, அதன் மேல் வளைந்து வளைந்து போகும் மூன்று கைகள், நுனியில் போன். கைப்பிடியை எப்படிச் சாய்த்தாலும் போன் மட்டும் நேராக நிற்கிறது. பார்த்ததும் சிரித்துவிட்டேன். எங்கள் பௌதிக வாத்தியார் மேசை மேல் வைத்துக் காட்டிய பொருள்தானே இது! கப்பலில் மாட்டும் பித்தளை விளக்கு ஒன்றைப் பழைய சாமான் கடையில் வாங்கி வந்திருந்தார் அவர். ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு வளையம், நடுவில் விளக்கு. வெளி வளையத்தைப் பிடித்து ஆட்டினால் விளக்கு அசையாது. பிரெஞ்சில் இந்த அமைப்புக்குக் 'கார்தான்' என்று பெயர். லாரிப் பட்டறைக்குப் போனவர்கள் இதன் தம்பியைப் பார்த்திருப்பீர்கள். நீளமான ஷாஃப்டின் முனையில் நம் மெக்கானிக்குகள் 'கிராஸ்' என்று சொல்லும் உருப்படிக்கும் பிரெஞ்சுக்காரர்கள் அதே கார்தான் பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள்.

கார்தான் என்பது ஒரு மனிதரின் பெயர். ஜெரோலமோ கார்தானோ, 1501இல் பிறந்த இத்தாலிய மருத்துவர், கணித மேதை, சூதாடியும்கூட. 1550இல் வெளிவந்த தன் நூலில் இந்த வளைய அமைப்பை விவரித்தார். தான் கண்டுபிடித்ததாக அவர் சொல்லவில்லை. பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. ஒருவர் வரைவு எழுத, இன்னொருவர் கையெழுத்துப் போட, உத்தரவு கையெழுத்துப் போட்டவர் பெயரில் போவது அலுவலகத்தில் நாம் பார்க்காததா!

உண்மையில் இது கார்தானோவுக்கு ஆயிரத்தைந்நூறு வருஷத்துக்கும் முந்தியது. கி.மு. மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்த ஃபிலோன் என்ற கிரேக்கப் பொறியாளரின் பெயரில் வரும் நூலில் ஒரு மைக்கூடு இருக்கிறது. எட்டுப் பக்கம், ஒவ்வொரு பக்கத்திலும் ஒரு துளை. எந்தப் பக்கத்தை மேலே திருப்பினாலும் அந்தத் துளையில் பேனாவைத் தொட்டு எழுதலாம், மை கொட்டாது. உள்ளே மைக்கிண்ணம் வளையங்களில் தொங்குகிறது. அந்தப் பகுதி பிற்காலத்தில் சேர்க்கப்பட்டது என்று வாதிடுபவர்களும் உண்டு. எப்போது எழுதியதாக இருந்தால் என்ன, இப்படி ஒன்றை யோசித்தவன் நிச்சயம் ஒரு குமாஸ்தாவின் மேசையைப் பார்த்திருப்பான். பதிவேட்டில் மை கொட்டி மெமோ வாங்கியவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

சீனாவில் ஹான் வம்சக் காலத்தில், கி.பி. 180 வாக்கில், டிங் ஹுவான் என்ற கைவினைஞர் படுக்கைக்குள் வைக்கும் தூபக்கிண்ணம் செய்தார். போர்வைக்குள் உருண்டாலும் நெருப்பு கொட்டாது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் பிரான்சில் வில்லார் த ஒன்கூர் என்பவர் தன் படக்குறிப்பேட்டில் வரைந்தது கை காய்ச்சும் உருண்டை. குளிர்காலத்தில் நீண்ட பூசை செய்யும் பிஷப்புக்காக, உள்ளே தணல், சுற்றி வளையங்கள். அந்தக் குறிப்பேடு இன்றும் பாரிஸ் தேசிய நூலகத்தில் இருக்கிறது. பிறகு கப்பல்காரர்கள் திசைகாட்டியை இதில் மாட்டினார்கள். கடல் ஆடட்டும், கப்பல் ஆடட்டும், முள் மட்டும் கிடைமட்டமாக இருக்கட்டும் என்பதுதான் யோசனை.

மையாகட்டும் தணலாகட்டும் முள்ளாகட்டும், தந்திரம் ஒன்றே. ஆட்டத்தை யாரும் நிறுத்தப் பார்க்கவில்லை. ஆடுவது ஆடட்டும் என்று விட்டு, காக்க வேண்டிய பொருளை அதிலிருந்து பிரித்து வைத்தார்கள். அறுபது வருஷத்துக்கு முன் வகுப்பில் எனக்கு இது விளங்கவில்லை. கை நடுங்க ஆரம்பித்த பிறகுதான் விளங்கியது.

படமெடுக்கும் கருவிக்கு இது வந்து சேர ரொம்பக் காலம் பிடித்தது. லூமியேர் சகோதரர்கள் 1895இல் பாரிசில் படம் காட்டியபோது கேமரா முக்காலியில் அசையாமல் நின்றது. அடுத்த வருஷமே அவர்களுடைய ஆள் ப்ரோமியோ, வெனிஸ் நகரத்தில் கேமராவைப் படகில் வைத்துக் கரையோரக் கட்டடங்களைப் படம் பிடித்தார். நிற்பவன் நின்றபடி ஊரே நகர்வதைப் பார்ப்பது அதிலிருந்து ஆரம்பம். படகும் தண்டவாளமும் மட்டும்தான் அன்று ஆடாமல் நகர்ந்தன. மனிதன் தோளில் வைத்துக்கொண்டு நடந்தால் படம் குலுங்கும். எழுபது எண்பது வருஷம் இதற்கு ஒரே மருந்து, தரையில் தண்டவாளம் போட்டுத் தள்ளுவண்டியில் கேமராவை உருட்டுவது.

இங்கே ஒரு ஊர்க்கதை. நம் பக்கத்தில் ஊர் ஊராகச் சினிமாவைக் கொண்டுபோன முதல் ஆட்களில் ஒருவர் கோயமுத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட். 1905இல் அவர் திருச்சியில் ரயில்வே அலுவலகத்தில் வரைவாளராக இருந்த மாதச் சம்பளக்காரர். படம் காட்டிக்கொண்டு ஊர் சுற்றிய தூபோன் என்ற பிரெஞ்சுக்காரர், உடம்புக்கு முடியாமல் நாடு திரும்ப நினைத்தார். அவரிடமிருந்து புரொஜெக்டரையும் படச்சுருள்களையும் வின்சென்ட் வாங்கிக்கொண்டார். விலை 2,250 ரூபாய் என்று எழுதியிருக்கிறார்கள். அந்தக் காலத்தில் 2,250 ரூபாய்! வேலையை விட்டுவிட்டுக் கூடாரத்தைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார். 1914இல் கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார். சம்பளக்காரன் ஒருவன் பிரெஞ்சுக்காரன் கைமாற்றிய ஒரு கருவிக்காகத் துணிந்து பணம் போட்டான் என்பதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஒரு சொந்தம் தோன்றும். நான் துணிந்தது ஓய்வூதியத்தில் ஒரு சிறு பகுதியை மட்டும்தான். அதற்கே ஒரு மாதம் யோசித்தேன்.

தண்டவாளத்திலிருந்து கேமராவை விடுதலை செய்தவர் அமெரிக்காவில் ஃபிலடெல்ஃபியாவைச் சேர்ந்த காரெட் பிரவுன். 1970களின் நடுவில் ஸ்டெடிகேம் என்ற கருவியைச் செய்தார். கேமராமேன் ஒரு கவசச் சட்டை போட்டுக்கொள்வார். அதிலிருந்து ஸ்பிரிங் வைத்த ஒரு கை நீளும். அதன் நுனியில் ஒரு கம்பம், மேலே கேமரா, கீழே பாட்டரியும் எடையும். நடையின் குலுக்கலை ஸ்பிரிங் வாங்கிக்கொள்ளும். பிரவுன் தன் தோழியை ஊர் மியூசியத்தின் படிக்கட்டில் ஓடவிட்டுச் சோதனைப் படம் எடுத்தார். அதைப் பார்த்த இயக்குநர் ஒருவர், அதே படிக்கட்டில் 1976இல் 'ராக்கி' படக் காட்சியை எடுத்தார். குத்துச்சண்டைக்காரன் படியேறி ஓடிக் கையை உயர்த்துவானே, அதுதான்.

நம் ஊருக்கு இது வந்த காலம் எனக்கு நினைவிருக்கிறது. 1989இல் ராம்கோபால் வர்மாவின் தெலுங்குப் படம் 'சிவா' வந்தது. தமிழில் 'உதயம்'. இந்தியாவில் ஸ்டெடிகேமைத் தாராளமாகப் பயன்படுத்திய ஆரம்பப் படங்களில் அது ஒன்று. நாகார்ஜுனா ஓடும்போது நாமும் பின்னாலேயே ஓடுகிற மாதிரி இருந்தது. வெளியே வந்து டீக்கடையில் அதைப் பற்றிப் பேசினோம். காரணம் என்னவென்று எங்களில் யாருக்கும் தெரியவில்லை. "சண்டை நல்லா இருந்துச்சு" என்றுதான் சொல்லிக்கொண்டோம்.

கேமரா இல்லாத காலத்திலேயே ஸ்டெடிகேம் வேலை செய்தவர்கள் நம்மிடம் இருந்தார்கள், இருக்கிறார்கள். ஸ்ரீரங்கத்தில் பெருமாளைத் தோளில் சுமக்கும் ஸ்ரீபாதம் தாங்கிகளைப் பார்த்திருக்கிறீர்களா? அத்தனை பேர் தோளும் ஒரே உயரத்தில், அடி ஒரே கணக்கில் விழும். சிம்மகதி, சர்ப்பகதி என்று நடைக்கே பெயர் உண்டு. முழங்காலிலும் தோளிலும் குலுக்கலை வாங்கிக்கொண்டு மேலே உள்ளவரை ஆடாமல் கொண்டுபோவது ஒரு வித்தை. குடத்தைத் தலையில் வைத்துக்கொண்டு கையை வீசி நடந்த நம் பெண்களுக்கும் அது தெரியும். இதை ஏன் சொல்கிறேன் என்பது பின்னால் தெரியும்.

இனி போனுக்கு வருவோம். 1852இல் பாரிசில் ஃபூக்கோ என்ற விஞ்ஞானி வேகமாகச் சுழலும் ஒரு சக்கரத்தைக் கார்தான் வளையங்களில் மாட்டிப் பூமி சுழல்வதைக் காட்டினார். அந்தக் கருவிக்கு ஜைரோஸ்கோப் என்று பெயர் வைத்தவரும் அவரே. இன்று அதன் வேலையைச் செய்யும் சிறு சில்லு பெரும்பாலான ஸ்மார்ட்போன்களில் இருக்கிறது. சக்கரம் இல்லை, கண்ணுக்குத் தெரியாத ஒரு துண்டு அதிர்ந்துகொண்டே இருந்து, எந்தப் பக்கம் திரும்புகிறோம் என்பதைக் கண்டுபிடிக்கிறது. கிம்பலுக்குள்ளும் அப்படி ஒன்று உண்டு. அது "இடப்பக்கம் சாய்கிறான்" என்று சொன்ன உடனே மோட்டார் வலப்பக்கம் திருப்பிவிடும். பித்தளை விளக்கில் இந்த வேலையைச் செய்தது விளக்கின் எடை. இதில் மோட்டார், அவ்வளவுதான் வித்தியாசம். 2013இல் மோவி என்ற பெயரில் சினிமாக்காரர்களுக்கு இப்படி ஒரு கருவி வந்தபோது விலை ஏறக்குறைய 15,000 டாலர். 2016இல் டிஜேஐ கம்பெனி போனுக்கென்றே ஆஸ்மோ மொபைல் கொண்டுவந்தது. ழியுன், ஹோஹெம் போன்ற கம்பெனிகளும் சேர்ந்து விலையை இறக்கிவிட்டன.

முதலில் நான் ஏமாந்தேன். ஒரு கடையில் இரண்டாயிரம் ரூபாய்க்குள் "ஜிம்பல் சார், இதான் பாஸ்ட் மூவிங்" என்று ஒன்றைக் கொடுத்தார்கள். வீட்டுக்கு வந்து பார்த்தால் அது செல்ஃபி குச்சியில் ஒரே ஒரு மோட்டார். போன் பக்கவாட்டில் சாய்ந்தால் நிமிர்த்தும். மேலே கீழே கவிழ்ந்தாலும், இடம் வலம் திரும்பினாலும் கம்மென்று இருக்கும். சாய்வது, கவிழ்வது, திரும்புவது என்று ஆட்டம் மூன்று வகை. மூன்றுக்கும் மூன்று மோட்டார் வேண்டும். பெட்டியில் 'மூன்று அச்சு' என்ற பொருளில் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். நான் விசாரித்தபோது அப்படிப்பட்டவை ஐயாயிரத்திலிருந்து பத்தாயிரத்துக்குள் கிடைத்தன. அதற்கு மேல் கொடுப்பது முகத்தைத் தொடர்ந்து திரும்புவது, ஆளில்லாமல் நடனம் எடுப்பது போன்ற வசதிகளுக்கு. நமக்கு எதற்கு?

இரண்டாவது, எடை. கிம்பல் தாங்கும் போன் எடைக்கு ஓர் எல்லை உண்டு. உதாரணத்துக்கு ஆஸ்மோ மொபைல் 6க்கு 170 முதல் 290 கிராம். என் போனை உறையோடு மளிகைக்கடைத் தராசில் வைத்தேன், 215 கிராம். கடைக்காரர் "போனையும் எடைக்குப் போடப் போறீங்களா சார்?" என்றார். கிம்பலே முந்நூறு கிராமுக்கு மேல் இருக்கும். இரண்டும் சேர்ந்தால் அரைக்கிலோ. பத்து நிமிஷம் கையை நீட்டிப் பிடித்துப் பாருங்கள், தோள் பேசும். அதனால் மடித்துப் பையில் போடக்கூடியதாக, இருப்பதிலேயே எடை குறைந்ததை எடுத்தேன். மூன்றாவது, கடையிலேயே உங்கள் போனை மாட்டச் சொல்லி, நடுவாக உட்காருகிறதா என்று பார்த்துவிட்டு வாங்குங்கள். சாய்வாக மாட்டி சுவிட்சைப் போட்டால் மோட்டார் திணறும், பாட்டரி சீக்கிரம் தீரும்.

சிலர் கேட்பார்கள், போனிலேயே ஆட்டம் குறைக்கும் வசதி இருக்கிறதே என்று. இருக்கிறது. லென்சையே அசைத்துச் சரிசெய்யும் முறை 2012இல் நோக்கியா லூமியா 920இல் வந்துவிட்டது. படத்தின் ஓரங்களை வெட்டிச் சமாளிக்கும் முறையும் உண்டு. கை திடமாக இருப்பவர்களுக்கு அது போதும், ஐயாயிரத்தைச் செலவழிக்க வேண்டாம். என் கைக்குப் போதவில்லை.

நடுக்கம் உள்ளவர்களுக்கு ஒரு செய்தி. இதே தத்துவத்தில் லிஃப்ட்வேர் என்று ஒரு கரண்டி அமெரிக்காவில் செய்தார்கள். கை நடுங்கினாலும் சூப் சிந்தாது. அந்தக் கம்பெனியை 2014இல் கூகுள் வாங்கியது. ஃபிலோனின் மைக்கூடு சாப்பாட்டு மேசைக்கு வந்துவிட்டது!

மாசி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பேரனோடு விடிகாலையில் மலைக்கோட்டை போனேன். தொல்லியல் துறை இடங்களில் முக்காலி வைக்கத் தனி அனுமதி கேட்பார்கள். அதனால் காவலரிடம் கிம்பலை முதலிலேயே காட்டிவிட்டேன். திருப்பித் திருப்பிப் பார்த்து, "கையிலயே வச்சுக்குவீங்கல்ல? சரி போங்க" என்றார்.

பாறையில் வெட்டிய படிகள். முத்துகிருஷ்ணப்ப நாயக்கர் 1605இல் கட்டத் தொடங்கிய கோட்டை. 1755இல் ஹைதர் அலி திண்டுக்கல்லுக்கு ஃபவுஜ்தாராக வந்தபோது, பிரெஞ்சுக்காரர்களின் உதவியோடு இங்கே ஆயுதச்சாலை அமைத்தார். பிறகு மைசூர்ப் போர்களில் கைமாறி, 1792 ஒப்பந்தத்தில் ஆங்கிலேயரிடம் போனது. புதுச்சேரிப் பையன் பிழைக்க வந்த ஊருக்கு பிரெஞ்சுக்காரன் இருநூறு வருஷம் முன்னாலேயே வந்துபோயிருக்கிறான் என்பது அம்மாவுக்கு ஏனோ பெரிய ஆறுதலாக இருந்தது.

படியில் ஏறிக்கொண்டே எடுத்த முதல் படத்தைப் போட்டுப் பார்த்தேன். சாயவில்லை, நடுங்கவில்லை. ஆனால் அடிக்கு ஒரு தரம் மேலும் கீழும் குதித்தது. பேரன் விழித்தான். எனக்குப் புரிந்தது. கிம்பல் திரும்பும் ஆட்டத்தைத்தான் நிறுத்தும். ஆளே ஏறி இறங்குவதை அது என்ன செய்யும்? காரெட் பிரவுனின் ஸ்பிரிங் கை இதில் கிடையாது. அந்த வேலையை முழங்கால்தான் செய்ய வேண்டும். முழங்காலை லேசாக மடக்கி, குதிகாலிலிருந்து விரலுக்கு உருட்டி உருட்டி நடக்க வேண்டும், ஸ்ரீபாதம் தாங்கிகளைப் போல. பேரன் நடந்து காட்டினான், படம் தண்ணீரில் படகு போவதுபோல வந்தது. என் வயதில் முழங்காலை மடக்கிப் படியேறினால் இறங்குவதற்கு நான்கு பேர் வேண்டும்.

ஆகவே வேறு வழி செய்தேன். ஏறும்போது படமே எடுக்கவில்லை. திருப்பத்துக்குத் திருப்பம் நின்று, மூச்சு வாங்கி, முழங்கையை விலாவோடு ஒட்டிக்கொண்டு, இடுப்பை மட்டும் மெதுவாகத் திருப்பி எடுத்தேன். மேலே மூலவர் இல்லாத கோயிலை ஒரு சுற்று. பிறகு அக்காவும் அம்மாவும் உட்காரும் பக்கம். காற்று பலமாக அடித்து ஒருமுறை மோட்டாரைத் திணறடித்தது. உடம்பால் மறைத்துக்கொண்டு மறுபடி எடுத்தேன். கீழே ஊர், அந்தப் பக்கம் சிறுமலை, அதன் மேல் பாதி உயரத்துக்கு மேகம். இடமிருந்து வலமாக ஒரு நிமிஷம் ஓடியது. என் விரல்கள் கைப்பிடியில் நடுங்கிக்கொண்டுதான் இருந்தன. திரையில் சிறுமலை அசையவில்லை. அதைப் பார்த்துக்கொண்டே இன்னும் கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டு நின்றேன். பேரன் "போதும் தாத்தா, கை வலிக்கும்" என்றான்.

மொத்தம் பதினொரு நிமிஷம். அன்று ராத்திரி அக்காவுக்கு அனுப்பினேன். மறுநாள் மத்தியானம் போன்.

"முழுசும் பாத்தேன்டா. தலை சுத்தல. அந்தப் பாறை, அம்மா வெத்தலப் பையை வைப்பாளே, அது அப்படியே இருக்கு. ரெண்டு தரம் பாத்தேன்."

கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "நடுவுல உன் கை தெரிஞ்சுச்சு. எத்தன நாளா அப்படி இருக்கு?" என்றாள்.

ஒரு திருப்பத்தில் பேரன் தன் போனில் என்னை எடுத்த துண்டும் அதோடு சேர்ந்து போயிருக்கிறது. நான் கவனிக்கவில்லை. ரெண்டு வருஷமாக்கா, டாக்டர் பயப்பட ஒன்றுமில்லை என்றார் என்று சொன்னேன். அவளுக்கும் இடது கையில் இருக்கிறதாம், நாலு வருஷமாக. அவளும் சொல்லவில்லை.

அடுத்தது சிறுமலை வாழைத்தோப்பு வேண்டும் என்றிருக்கிறாள். பஸ்ஸில்தான் போக வேண்டும். பாட்டரியைச் சார்ஜில் போட்டிருக்கிறேன்.